அட்டையில் ஒரு பெயர், உள்ளே இன்னொரு பெயர்: பதிப்பு முத்திரை எதற்கு?

03.02.2024 – கல்முனையிலிருந்து வந்த கேள்வி

அக்கா, நீங்கள் புத்தகம் வடிவமைக்கிறவர் என்பதால் உங்களிடம் கேட்கிறேன். என்னிடம் பெங்குவின், வைக்கிங், நாஃப் என்று மூன்று பெயரில் ஆங்கிலப் புத்தகங்கள் இருக்கின்றன. மூன்றும் ஒரே கம்பனியாம். தமிழிலும் கிழக்கு, நலம், வரம் எல்லாம் ஒரே ஆட்கள். பஜாரில் ஒரே முதலாளி மூன்று பெயர்ப்பலகை மாட்டிக்கொண்டு மூன்று கடை நடத்தினால் ஏமாற்று என்றுதானே சொல்வோம்? புத்தகம் என்றவுடன் மட்டும் ஏன் மரியாதையாகப் பார்க்கிறோம்? என் கதைத் தொகுதிக்கும் ஒரு வெளியீட்டுப் பெயர் தேடிக்கொண்டிருக்கிறேன். அந்த யோசனையில்தான் இது வந்தது.

04.02.2024, காலை

ஏமாற்று என்று நான் சொல்ல மாட்டேன் தம்பி. கம்பனி என்பது காகிதம் வாங்குகிற, சம்பளம் கொடுக்கிற, வழக்கு வந்தால் பதில் சொல்கிற இடம். அட்டையில் இருப்பது வாசிக்கிறவரைக் கூப்பிடும் பெயர். இரண்டும் ஒன்றாக இருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை.

நீங்கள் சொன்னதையே எடுப்போம். 2004இல் சென்னையில் பத்ரி சேஷாத்ரியும் நண்பர்களும் நியூ ஹொரைசன் மீடியாவைத் தொடங்கினார்கள். உடல்நலப் புத்தகங்களுக்கு நலம், ஆன்மிகத்துக்கு வரம், பள்ளிப் பிள்ளைகளுக்கு ப்ராடிஜி, மற்றவற்றுக்குக் கிழக்கு. சீனி வருத்தம் வந்த ஒருவர் கடையில் நின்று புத்தகத் தட்டைப் பார்க்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். 'நலம்' என்ற சொல்லே அவரைக் கையைப் பிடித்துக் கூட்டிப்போகிறது. பாரதி புத்தகாலயம் பிள்ளைகளுக்கான நூல்களை 'புக்ஸ் ஃபார் சில்ரன்' என்ற பெயரில் போடுவதும் இதற்காகத்தான். அந்தப் பெயரைப் பார்த்தாலே அம்மாமார் யோசிக்காமல் எடுப்பார்கள்.

கடைப் பலகை உவமையை நான் இப்படி மாற்றுவேன்: ஒரே சமையல்கட்டிலிருந்து இடியப்பத்துக்கு ஒரு வாசல், சோற்றுக்கு ஒரு வாசல்.

04.02.2024, பின்னேரம்

சொல்லைப் பற்றி ஒருவர் கேட்டார். ஒரு கம்பனி தன் புத்தகங்களுக்குப் போடுகிற இப்படியான பெயரை ஆங்கிலத்தில் 'இம்பிரின்ட்' என்பார்கள். அதைத் துணைப் பதிப்பகம் என்று எழுதுகிறார்கள். துணை என்றால் கீழே நிற்பது என்று ஆகிவிடும். முத்திரை என்றால் குத்துவது, அடையாளம் விடுவது. எனக்குப் பதிப்பு முத்திரை என்பதே பிடித்திருக்கிறது, அப்படியே எழுதுகிறேன்.

வரிசை வேறு, முத்திரை வேறு. ஹைனமன் என்ற ஆங்கிலப் பதிப்பகம் 1962இல் தொடங்கிய ஆபிரிக்க எழுத்தாளர் வரிசை ஒரு வரிசை. எண் போட்டு, ஒரே மாதிரி அட்டையில், ஹைனமன் என்ற பெயரின் கீழேயே வந்தது. முத்திரை தனிப் பெயரோடு நிற்கும். ஆனால் ஒரு வரிசை நன்றாக ஓடினால் வாசகர் மனதில் அதுவே முத்திரையாகிவிடும். இந்த எல்லைக்கோடு அவ்வளவு கெட்டியானது இல்லை.

07.02.2024

பெங்குவின் கதையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். இப்போது உலகம் முழுக்கத் தெரிந்த அந்தப் பெயரே முதலில் ஒரு முத்திரையாகத்தான் வந்தது.

1935இல் அலன் லேன் 'போட்லி ஹெட்' என்ற பதிப்பகத்தில் இயக்குனராக இருந்தார். நல்ல நாவல்களை மெல்லிய அட்டையில், ஒரு சிகரெட் பெட்டி விலைக்கு, ஆறு பென்சுக்கு விற்க வேண்டும் என்பது அவருடைய எண்ணம். கூட இருந்தவர்களுக்கு நம்பிக்கை இல்லை. அதனால் வேறு பெயரில் போட்டார். முதல் பத்துப் புத்தகங்களின் அட்டையில் போட்லி ஹெட் பெயரும் இருந்தது, பெங்குவின் பறவையும் இருந்தது. எட்வர்ட் யங் என்ற இளைஞர் லண்டன் மிருகக்காட்சிச்சாலைக்குப் போய் அந்தப் பறவையை வரைந்து வந்தார். நாவலுக்குச் செம்மஞ்சள், துப்பறியும் கதைக்குப் பச்சை, வாழ்க்கை வரலாற்றுக்குக் கடும் நீலம். வுல்வர்த் கடைகள் 63,500 பிரதிகளுக்கு ஓர்டர் கொடுத்தன. அடுத்த வருடமே பெங்குவின் தனிக் கம்பனியாகப் பிரிந்தது.

பிறகு அதுவே குஞ்சு பொரித்தது. 1937இல் அறிவு நூல்களுக்கு பெலிக்கன், 1940இல் பிள்ளைகளுக்கு பஃபின். எல்லாம் பறவைகள். நம் வாவிக்கரையில் கூழைக்கடா நிற்கிறதே, அதுதான் பெலிக்கன். 1980களில் பெலிக்கனை நிறுத்திவிட்டு 2014இல் மறுபடியும் தொடங்கினார்கள். அத்தனை வருடம் புதிய புத்தகமே வராமல் கிடந்த பெயரை ஏன் தோண்டி எடுக்க வேண்டும்? அந்தப் பெயரை நம்பி வாங்கியவர்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள், அவர்கள் வீட்டு அலுமாரியில் அந்த நீல அட்டைகள் இன்னும் இருக்கின்றன. முத்திரையின் சொத்து அந்த அலுமாரிகளில்தான் இருக்கிறது.

07.02.2024, இரவு

1947இல் யான் சிஹோல்ட் என்ற எழுத்து வடிவமைப்பாளர் பெங்குவினுக்கு வந்தார். வந்தவுடன் நாலு பக்கத்தில் விதிகள் எழுதினார்: பத்தி எப்படித் தொடங்க வேண்டும், நிறுத்தற்குறிக்குப் பிறகு எவ்வளவு இடைவெளி, பக்க எண் எங்கே. எந்த அச்சகத்தில் அடித்தாலும் புத்தகம் பெங்குவினாக இருந்தது அதனால்தான். இதை முதல்முதல் வாசித்தபோது எனக்கு நித்திரை வரவில்லை. நாங்கள் முத்திரை என்றால் ஒரு சின்னம், ஒரு நல்ல பெயர் என்று நினைக்கிறோம். உள்ளே உள்ள பத்தி இடைவெளியும் முத்திரைதான்.

11.02.2024

நாஃப் பற்றிக் கேட்டீர்கள். 1915இல் நியூயோர்க்கில் தொடங்கியது, முத்திரையில் பாய்கிற போர்சோய் நாய். 1960இல் ரேண்டம் ஹவுஸ் வாங்கியது. வாங்கியும் பெயரை அழிக்கவில்லை, நாயும் இன்னும் ஓடுகிறது. அவர்களுடைய புத்தகங்களின் கடைசிப் பக்கத்தில் எந்த எழுத்துருவில் கோர்த்தோம், அந்த எழுத்துரு எங்கிருந்து வந்தது என்று ஒரு சின்னக் குறிப்பு இருக்கும்.

அதைப் பார்த்துவிட்டு நானும் ஒரு கவிதைத் தொகுதியில் அப்படி ஒரு குறிப்பு வைத்தேன். ஆசிரியர் ஒப்புக்கொண்டார். ஆனால் எழுத வேண்டியிருந்தது 'பாமினி' என்று. எங்கள் பக்கத்தில் இருபது வருடமாக வந்த புத்தகங்களில் பெரும்பாலானவை பாமினியில்தான் கோர்க்கப்பட்டவை. அதை யார் வரைந்தார், எப்படி இந்தத் தீவு முழுக்கப் பரவியது என்று ஒரு பக்கமாவது யாராவது எழுதி வைக்க வேண்டும். இது தனிக் கதை, இங்கே விடுகிறேன்.

18.02.2024

கேள்வியின் கடைசி வரிக்கு இன்னும் வரவில்லை: கதைத் தொகுதிக்கு என்ன பெயர் போடுவது.

என் பின்னணியை ஒரு வரியில் சொல்கிறேன். மட்டக்களப்பு டவுனில் ஓர் ஓப்செட் அச்சகத்தில் 11 வருடம் பக்கம் கோர்த்தேன். 2015இலிருந்து ஆரையம்பதியில் வீட்டில் வைத்தே செய்கிறேன். வாழைச்சேனையிலிருந்து பொத்துவில் வரைக்கும் எழுதுகிறவர்கள் வருகிறார்கள்.

எல்லோரும் ஒரே மாதிரித்தான் வருவார்கள். ஓய்வூதியப் பணம், அல்லது நகை அடகு, அல்லது வெளிநாட்டில் உள்ள மகன் அனுப்பிய காசு. 300 பிரதி, கூடினால் 500. எல்லாப் பக்கமும் முடிந்து கடைசியாகப் பதிப்பு விபரப் பக்கம் செய்வோம். தலைப்பு, ஆசிரியர், முதற் பதிப்பு, பதிப்புரிமை, பக்கம், விலை. அச்சு: அதில் யாருக்கும் சந்தேகமில்லை. வெளியீடு: இங்கே வந்து நிற்போம். ஆசிரியர் கதிரையில் சாய்ந்து யோசிப்பார். வீட்டுப் பெயர் சொல்வார், மகளின் பெயர் சொல்வார், இல்லாவிட்டால் ஊர்க் கோயிலின் பெயர். நான் தட்டுவேன். ஒரு நிமிடத்தில் ஒரு பதிப்பகம் பிறந்துவிடும்.

இன்று உட்கார்ந்து என் கணினியில் உள்ள கோப்புகளை எண்ணினேன். 2015இலிருந்து 94 புத்தகங்கள். 61 வெளியீட்டுப் பெயர்கள். அவற்றில் ஒன்றுக்கு மேற்பட்ட புத்தகம் வந்தவை 9.

நீங்கள் கேட்டது ஒரே கம்பனிக்கு ஏன் பல பெயர் என்று. எங்கள் பிரச்சினை அதன் மறுபக்கம். இங்கே கம்பனியே இல்லை, பெயர் மட்டும் இருக்கிறது, அதுவும் ஒரு புத்தகத்தோடு முடிகிறது.

19.02.2024

நேற்றுச் சொன்ன கணக்கு பிழை. மறுபடியும் பார்த்தேன். 61 அல்ல, 57. நாலு பெயர்கள் உண்மையில் வேறு பெயர்களே அல்ல: ஒருமுறை 'வெளியீடு', அடுத்த முறை 'வெளியீட்டகம்', இன்னொன்றில் 'பதிப்பகம்'. ஒன்றில் நடுவில் ஒரு 'ப்' விடுபட்டிருக்கிறது, அது என் கைப்பிழை. ஆகவே ஒன்றுக்கு மேல் போட்டவை 12.

இது சின்ன விஷயம் இல்லை. ஈழத்துத் தமிழ் நூல்களைச் சேர்த்து வைக்கிற 'நூலகம்' இணையத்தளத்தில் பதிப்பகப் பெயரை வைத்துத் தேடினால் இவை வேறு வேறாகத்தான் நிற்கும். எழுதியவர் மூன்று புத்தகம் போட்டு மூன்று பேராகச் சிதறிக் கிடக்கிறார். பெயரை முதல் தடவை எப்படி எழுதுகிறீர்களோ அப்படியே கடைசி வரை எழுதுங்கள். புள்ளி, கொம்பு, இடைவெளி உட்பட.

25.02.2024

சாய்ந்தமருதிலிருந்து ஒரு காக்கா (அண்ணன்) எழுதியிருக்கிறார்: "பெயர் ஒரு புத்தகத்தோடு முடிந்தால் என்ன நட்டம்? வாசிக்கிறவன் எழுதியவன் பெயரைத்தானே பார்க்கிறான்."

எழுதியவரின் பெயர் தெரிந்தால் சரி. தெரியாதபோது? முதல் புத்தகம் போடுகிற 24 வயதுப் பிள்ளையின் பெயர் யாருக்கும் தெரியாது. அந்த இடத்தில் கைகொடுப்பதுதான் முத்திரையின் வேலை. டொமினிக் ஜீவா 'மல்லிகைப் பந்தல்' என்ற பெயரில் புத்தகம் போட்டபோது, அந்தப் பெயருக்குப் பின்னால் 1966இலிருந்து அவர் நடத்திய 'மல்லிகை' சஞ்சிகை நின்றது. உங்கள் மாவட்டத்தையே எடுங்கள், அக்கரைப்பற்று எம். பௌசரின் 'மூன்றாவது மனிதன்' சஞ்சிகையாகவும் வந்தது, பதிப்பகமாகவும் வந்தது. அந்தப் பெயர் இருந்தால் எழுதியவர் யாரென்று தெரியாமலே வாங்கியவர்கள் உண்டு. நான் வாங்கியிருக்கிறேன்.

எங்கள் நாட்டில் நின்று பிடித்த முத்திரைகள் பெரும்பாலும் சஞ்சிகையிலிருந்தோ பத்திரிகையிலிருந்தோ முளைத்தவை. 1970களில் இந்தியச் சஞ்சிகைகளின் இறக்குமதியைக் கட்டுப்படுத்திய காலத்தில் வீரகேசரி உள்ளூர் நாவல்களைத் தொடர்ந்து போட்டது. வீரகேசரி பிரசுரம் என்றால் பஸ்ஸிலும் வாசிப்பார்கள், குசினியிலும் வாசிப்பார்கள். பத்திரிகை போகிற ஒவ்வொரு ஊருக்கும் புத்தகமும் போனது. இப்போது மட்டக்களப்பில் 'மகுடம்' சஞ்சிகைப் பெயரில் புத்தகங்கள் வருகின்றன. மாதாமாதமோ காலாண்டுக்கொருமுறையோ கண்ணில் படுகிற பெயருக்கு ஒரு பலம் இருக்கிறது. வீட்டுப் பெயருக்கு அது கிடைப்பது கஷ்டம்.

26.02.2024

வீட்டுப் பெயரைத் தாழ்த்திச் சொல்லிவிட்டேன் என்று இரவு முழுக்க மனதில் இருந்தது. ஹோகார்த் பிரஸ் நினைவுக்கு வந்தது. 1917இல் எழுத்தாளர் தம்பதியரான லெனார்ட் வுல்ஃபும் வெர்ஜினியா வுல்ஃபும் ஒரு சின்னக் கையச்சு இயந்திரம் வாங்கிச் சாப்பாட்டு மேசையில் வைத்துப் புத்தகம் அடிக்கத் தொடங்கினார்கள். வீட்டின் பெயர் ஹோகார்த் ஹவுஸ், அதனால் ஹோகார்த் பிரஸ். வீட்டுப் பெயர்தான்! 2012இல் பெரிய கம்பனிகள் அதே பெயரை முத்திரையாக மறுபடியும் எடுத்தன.

ஆகவே குற்றம் வீட்டுப் பெயரில் இல்லை. அவர்கள் இரண்டாவது புத்தகமும் போட்டார்கள், அதற்கு அடுத்ததும் போட்டார்கள்.

03.03.2024

அப்பாவைப் பற்றிச் சொல்லாமல் இதை நேர்மையாக எழுத முடியாது.

அப்பா பாடசாலை ஆசிரியர். வடமோடிக் கூத்துப் பாட்டுகளை, கூத்துப் பழக்குகிற அண்ணாவிமாரிடம் கேட்டுக் கேட்டு எழுதி வைத்தவர். 1997இல் ஒரு பகுதியைப் புத்தகமாக்கினார். எங்கள் வீட்டுப் பெயரைப் போட்டு 'வெளியீடு – 01' என்று அச்சடித்தார். எனக்கு அப்போது 15 வயது. அந்தப் பூச்சியத்தையும் ஒன்றையும் பார்த்துவிட்டு, "99 வரைக்கும் போடப் போறீங்களா அப்பா?" என்று கேட்டேன். "ரெண்டு போட்டாப் போதும் மகள்" என்றார்.

500 பிரதியில் வெளியீட்டு விழாவில் போனது 130. மிச்சம் கட்டுக் கட்டாக அவருடைய கட்டிலின் கீழே. 2004 மார்கழி 26 காலை கடல் வந்தது. வீட்டில் யாருக்கும் உயிராபத்து இல்லை. புத்தகம் ஒன்றும் மிஞ்சவில்லை. இரண்டாவது பகுதியின் கையெழுத்துக் கொப்பிகள் மட்டும் பாடசாலையில் ஒரு லாச்சிக்குள் இருந்ததால் தப்பின. அப்பா 2011இல் காலமானார்.

இந்தப் பக்கத்தில் எத்தனை வீட்டுக் கட்டில்களின் கீழே இப்படிக் கட்டுகள் இருந்திருக்கும்? தனியாகப் போடுகிறவருக்குக் களஞ்சியமும் கட்டில்தான், விநியோகமும் அவருடைய சைக்கிள்தான். முத்திரைக்குப் பின்னால் ஒரு கம்பனி இருப்பதன் பயன் அந்த இடத்தில்தான் தெரியும்: பிரதிகள் பத்து ஊரில் பரவிக் கிடக்கும்.

10.03.2024

புத்தகத்தின் பின்னட்டையில் போடும் சர்வதேச எண், ஐ.எஸ்.பி.என். பற்றி இரண்டு பேர் கேட்டார்கள். 978க்குப் பிறகு வருவது நாடு அல்லது மொழி. இலங்கைக்கு 955, இப்போது 624ம். இந்தியாவுக்கு 81, 93. அடுத்து வருவது பதிப்பாளரின் எண். இங்கே தேசிய நூலக ஆவணவாக்கல் சேவைகள் சபை கொடுக்கிறது. ஆகவே அட்டையில் எத்தனை பெயர் இருந்தாலும் பின்னட்டை எண்ணைப் பார்த்தால் முதலாளி யாரென்று தெரிந்துவிடும். 978-0-14 என்றால் பெங்குவின்.

12.03.2024

மேலே சொன்னதில் திருத்தம். எண் காட்டுவது முதலில் பதிந்தவரை. பிறகு யார் யாரை வாங்கினார்கள் என்பதை அது காட்டாது. ஒரு பதிப்பகத்தை வாங்கினாலும் பழைய எண் தொகுதி தீரும்வரை அதிலேயே புத்தகம் வரும். அதனால் 'முதலாளி தெரிந்துவிடும்' என்று எழுதியது பிழை.

24.03.2024

தம்பி, உங்கள் 'ஏமாற்று' என்ற சொல்லுக்குத் திரும்ப வருகிறேன். முதல் நாள் அவ்வளவு உறுதியாக 'ஏமாற்று இல்லை' என்று சொல்லியிருக்கக்கூடாது.

2013 ஜூலையில் பெங்குவினும் ரேண்டம் ஹவுஸும் இணைந்தன. இன்று அதன் கீழே 300க்கு மேற்பட்ட முத்திரைகள். பிறகு அது சைமன் அன் சூஸ்டர் என்ற இன்னொரு பெரிய பதிப்பகத்தையும் 217.5 கோடி டொலருக்கு வாங்கப் பார்த்தது. அமெரிக்க நீதித் திணைக்களம் 2021 நவம்பரில் வழக்குப் போட்டது. வாசகருக்கு விலை ஏறும் என்பது வழக்கின் மையம் அல்ல. எழுத்தாளருக்குக் கிடைக்கும் முன்பணம் குறையும் என்பதுதான், அதிலும் இரண்டரை இலட்சம் டொலருக்கு மேல் வாங்குகிறவர்களுக்கு. இணைந்த பிறகும் எங்கள் முத்திரைகள் ஒன்றோடொன்று போட்டி போட்டு விலை கேட்கும் என்று கம்பனி வாக்குறுதி கொடுத்தது. நீதிமன்றம் அதை நம்பவில்லை. 2022 ஒக்டோபர் 31இல் தடுத்துவிட்டது. அடுத்த வருடம் கேகேஆர் என்ற முதலீட்டு நிறுவனம் 162 கோடிக்கு வாங்கியது.

கடைத் தட்டில் பத்துப் பெயர் தெரிகிறது. எழுத்தாளர் பத்துக் கதவைத் தட்டுவதாக நினைக்கிறார். பணப்பெட்டி ஒன்றுதான். வாசகருக்கு வழிகாட்டும் அதே பெயர், எழுதுகிறவரிடம் போட்டி இருப்பது போன்ற ஒரு தோற்றத்தைக் கொடுக்கலாம். அந்த அளவுக்கு நீங்கள் சொன்னது சரி.

எங்கள் பக்கத்திலும் ஒன்று நடந்தது. எனக்குத் தெரிந்த ஒரு ரீச்சர் இந்தியாவில் ஒரு பதிப்பகத்துக்கு நாவல் கொடுத்தார். பேசியது பெரிய பெயரோடு. அச்சுச் செலவில் ஒரு பகுதியை அவரே கட்டினார். புத்தகம் வந்தபோது முதுகில் யாரும் கேள்விப்படாத வேறொரு பெயர். கேட்டதற்கு, "அதுவும் எங்களுடையதுதான் அம்மா" என்றார்களாம். அந்தப் பதிப்பகத்தின் விலைப்பட்டியலில் இவருடைய நாவல் இல்லை, புத்தகக் காட்சியில் தட்டிலும் இல்லை. காசு கட்டுகிறவர்களுக்கு ஒரு கதவு, தாங்கள் விரும்பித் தேர்ந்தவர்களுக்கு ஒரு கதவு. அந்த ரீச்சர் அதற்குப் பிறகு ஒரு வரிகூட எழுதவில்லை. ஒப்பந்தத்தில் எந்த முத்திரையில் வரும் என்று எழுதச் சொல்லிக் கேளுங்கள். கேட்கக் கூச்சப்படாதீர்கள்.

31.03.2024

ஒரு சின்ன நடைமுறை விஷயம். பெங்குவினின் நிறம் எங்கே தெரிந்தது? புத்தகத்தின் முதுகில். தட்டில் நிற்கும்போது முதுகு மட்டும்தான் வெளியே தெரியும்.

எங்கள் கவிதைத் தொகுதிகள் பெரும்பாலும் 64 பக்கம், 72 பக்கம். நடுவில் இரண்டு பின் அடித்து மடித்தால் முதுகே கிடையாது. பொது நூலகத்தில் நின்று பாருங்கள், நம்மவர்களின் கவிதைகள் இருக்கும் தட்டில் ஒரு பெயரும் வாசிக்க முடியாது. ஒவ்வொன்றாக இழுத்துப் பார்க்க வேண்டும். ஆகவே கொஞ்சம் பொறுத்து, இன்னும் 20 கவிதை சேர்ந்ததும் 112 பக்கத்தில் ஒட்டிக் கட்டுங்கள். 16 பக்கத்துக்கு ஒரு ஃபோர்ம், ஏழு ஃபோர்ம். அப்போது முதுகில் மூன்று சொல் வைக்க இடம் கிடைக்கும்: தலைப்பு, பெயர், முத்திரை.

07.04.2024

காரைதீவிலிருந்து ஒருவர், பழந்தமிழ் இசை பற்றிய 'யாழ் நூலை'க் கொண்டுவந்தார். சரியான உதாரணம். விபுலாநந்த அடிகள் காரைதீவில் பிறந்தவர். அவருடைய அந்தப் பெரிய ஆராய்ச்சியை 1947இல் வெளியிட்டது தஞ்சாவூரில் உள்ள கரந்தைத் தமிழ்ச் சங்கம். எழுதியவர் கிழக்கு மண்ணின் பிள்ளை, தலைப்புப் பக்கத்தின் அடியில் தஞ்சாவூரின் பெயர். இதைச் சொன்னவர் வருத்தமாகச் சொன்னார். எனக்கு வருத்தமில்லை. அந்தச் சங்கத்தின் பெயர் அதற்குத் தகுதியானது, அந்த நூலைத் தாங்கக்கூடியது. அன்று இங்கே அப்படி ஒரு பெயர் இருந்ததா? இன்று இருக்கிறதா?

20.04.2024

கல்முனைத் தம்பி நேரடியாகவே கேட்டுவிட்டார்: "அக்கா, உங்கள் அப்பாவின் வெளியீட்டுப் பெயரிலேயே என் தொகுதியை 02 என்று போட்டால் என்ன?"

யோசிக்க இரண்டு கிழமை தாருங்கள்.

05.05.2024

அவருடைய ஒன்பது கதைகளையும் இரண்டு முறை வாசித்தேன். ஆறு கதைகள் அருமை. கரைவலை இழுக்கிற தகப்பனும் மகனும் வருகிற கதையை வாசித்துவிட்டு எழும்பி வெளியே போய் நின்றேன். மூன்று கதைகள் இன்னும் வேகவில்லை. அந்த மூன்றையும் எடுத்துவிட்டால் போடலாம் என்று சொன்னேன். அவர் ஒப்புக்கொள்ளவில்லை. அந்த மூன்றில் ஒன்று அவருடைய உம்மாவைப் பற்றியது. அவர் பக்கம் நின்று பார்த்தால் நியாயம்.

ஆனால் எனக்கு அப்போதுதான் விளங்கியது. இத்தனை நாளும் நான் பெயர், நிறம், முதுகு, எண் என்று எழுதிக்கொண்டிருந்தேன். பதிப்பு விபரப் பக்கத்தில் 57 பெயர் தட்டியிருக்கிறேன், ஒருவரிடமும் 'இது வேண்டாம்' என்று சொன்னதில்லை. சொல்ல எனக்கு உரிமையும் இருக்கவில்லை, நான் கூலிக்குக் கோர்க்கிறவள். மல்லிகைப் பந்தலிலும் மூன்றாவது மனிதனிலும் அந்தப் பெயருக்குப் பின்னால் வாசிக்கிற ஒரு ஆள் இருந்தார். அவர் சிலதை எடுத்தார், சிலதை விட்டார். அதை நம்பித்தான் நான் தெரியாத எழுத்தாளரை வாங்கினேன்.

தம்பியிடம் மாட்டேன் என்று சொல்வது கஷ்டமாக இருந்தது. அவர் கோபப்படவில்லை. "அப்ப நான் என் பேரில போடுறன், கோர்த்துத் தருவீங்களா?" என்றார். கட்டாயம் தருவேன்.

16.06.2024

அப்பாவின் கொப்பிகளைத் தட்டத் தொடங்கிவிட்டேன். ஏழு கொப்பி. இரண்டில் மை பரவியிருக்கிறது. குருக்கள்மடத்தில் ஒரு அண்ணாவியார் இருக்கிறார், அழிந்த வரிகளை அவர் பாடிக் காட்டுகிறார், நான் எழுதுகிறேன். சில இடத்தில் அப்பா எழுதியதற்கும் அவர் பாடுவதற்கும் வித்தியாசம் இருக்கிறது. இரண்டையும் வைக்கிறேன்.

வெளியீட்டுப் பெயரை நூலகம் தளத்தில் தேடிப் பார்த்தேன். அதே வீட்டுப் பெயரில் வேறொரு மாவட்டத்தில் யாரோ 2003இல் ஒரு சமய நூல் போட்டிருக்கிறார்கள். பெயரை மாற்று என்று தங்கச்சி சொன்னாள். மாற்றமாட்டேன். பெயருக்குப் பக்கத்தில் 'ஆரையம்பதி' என்று சேர்க்கிறேன். முதல் புத்தகத்தில் அது இல்லை, அதனால் 02இல் ஒரு குறிப்பும் போடுகிறேன்: 1997இல் வந்த 01ம் இதே வெளியீடுதான் என்று.

11.08.2024

தம்பியின் தொகுதி நேற்று அச்சுக்குப் போய்விட்டது. ஒன்பது கதை, 128 பக்கம், எட்டு ஃபோர்ம். வெளியீட்டுப் பெயர் அவருடையது, பக்கத்தில் 01. கோப்பை அனுப்பும்போது அந்தப் பெயரை எழுத்துக்கூட்டி ஒரு துண்டில் எழுதிக் கொடுத்தேன். பேர்ஸில் வைத்துக்கொள்ளுங்கள், இரண்டாவது புத்தகத்துக்கு வரும்போது இதைக் கொண்டு வாருங்கள் என்று சொன்னேன்.

என்னுடையது இன்னும் ஒரு மாதம் எடுக்கும். பதிப்பு விபரப் பக்கம் மட்டும் செய்து முடித்தேன். அப்பாவின் 01 யாரிடமாவது இருந்தால், ஓட்டமாவடியோ அட்டாளைச்சேனையோ எங்கிருந்தாலும், அட்டையையும் பின்னட்டையையும் படம் எடுத்து இங்கே போடுங்கள். நிறம் எனக்கு மறந்துவிட்டது. அம்மா பச்சை என்கிறார், தங்கச்சி நீலம் என்கிறாள்.

14.08.2024

களுதாவளையிலிருந்து படம் வந்துவிட்டது. பச்சை. முதுகு வெயிலில் நீலமாக வெளிறிப் போயிருக்கிறது. இரண்டு பேர் சொன்னதும் சரி. 02க்கு முன்னட்டையின் பச்சையை எடுக்கிறேன்.